ஏழு நிலவுக்காரிக்கு ஒரு போற்றி

இல்லாத உலகம் ஒன்றுக்கு நான் வேதம் எழுதினேன். எழுதியவள் நான்தான் என்று கோயிலில் எல்லார் முன்பும் சொன்னேன். இங்கேயும் சொல்கிறேன்.

நான் படித்தது மூன்றாம் படிவம், அதாவது ஒன்பதாம் வகுப்பு வரைதான். பாசிர் கூடாங்கில் ஒரு தொழிற்சாலையில் பிளாஸ்டிக் மூடிகளைப் பார்த்துப் பார்த்துப் பெட்டியில் அடுக்குவது என் வேலை. செவ்வாயும் வெள்ளியும் வீட்டில் சைவம். மாசாயில் எங்கள் தாமான் குடியிருப்புக் கோயிலில் வெள்ளிக்கிழமை திருவிளக்கு பூசைக்குப் பதினோரு வருடமாக மைக்கில் போற்றி படித்தவள் நான். நான் ஒரு வரி படிக்க, விளக்கின் முன்னால் உட்கார்ந்திருக்கும் பெண்கள் எல்லாரும் ‘போற்றி’ சொல்லிக் குங்குமம் போடுவார்கள்.

என் மகள் கல்லூரியில் ஓவியம் படிக்கிறாள். கடைசி வருடத்துக்குச் சித்திரக் கதைப் புத்தகம் ஒன்று செய்ய வேண்டும். அவள் கட்டிய உலகத்தில் ஏழு நிலவு, பறக்கிற மீன், நாலு காது மனிதர்கள். அந்த மனிதர்களுக்கும் ஒரு புனித நூல் வேண்டுமாம், அவர்கள் உலகம் எப்படிப் பிறந்தது என்று சொல்ல. தானே எழுதி, வெங்காயம் உரித்துக்கொண்டிருந்த என்னிடம் படித்துக் காட்டினாள். “ஆதியில் ஒரு பேரொளி தோன்றியது...”

“லைட்டு போட்டா வீடு ஆயிருமா?” என்றேன்.

“அப்ப நீங்களே எழுதுங்கம்மா. நீங்கதான் டெய்லி சாமிகிட்ட பேசுறீங்க.”

கிண்டலாகத்தான் சொன்னாள். எனக்கு ரோஷம் வந்துவிட்டது. மறுநாள் காலை தொழிற்சாலை பஸ்ஸில், நீல அட்டை நோட்டை மடியில் வைத்து எழுத ஆரம்பித்தேன். எனக்குத் தெரிந்த சாமி பாஷை போற்றி ஒன்றுதான். அதனால் போற்றியாகவே வந்தது.

‘ஓசைக்கு முன்னே ஈரமாய் இருந்தவளே போற்றி. ஏழு நிலவையும் இடுப்பில் சுமந்தவளே போற்றி. கைதவறி விழுந்ததை மலையென்று சொன்னவளே போற்றி. உப்பில்லாக் கடலில் அழுது உப்பிட்டவளே போற்றி. ஒரு மூலையை முடிக்காமல் எங்களுக்கென விட்டவளே போற்றி.’

பஸ் குலுங்கும் இடத்தில் எழுத்தும் குலுங்கியிருக்கும். எழுதும்போது பயமாக இல்லையா என்று பிறகு கோயிலில் கேட்டார்கள். இல்லை. என் அம்மன் இந்த உலகத்தையே படைத்தவள். நான் இன்னொரு உலகத்தை நினைத்துப் பார்த்தால் கோபித்துக்கொள்ளும் அளவுக்கு அவள் சின்னவளா?

சரஸ்வதி பூசை வந்தது. வீட்டிலுள்ள புத்தகங்களோடு அந்த நோட்டையும் அடுக்கினேன். பக்கத்தில் இன்னொரு நீல நோட்டு. அச்சுப் புத்தகத்து எழுத்து கண்ணுக்குப் பொடியாக இருக்கிறதென்று திருவிளக்குப் போற்றியைப் பெரிதாக எழுதி வைத்தது அதில்தான். இரண்டும் ஒரே கடையில் வாங்கியவை. இரண்டின் அட்டையிலும் சந்தனத்தை அப்பிக் குங்குமம் வைத்தேன். மேலே எழுதியிருந்த பெயர்கள் சந்தனத்துக்கு அடியில் போய்விட்டன. தப்பு அங்கேதான் நடந்தது. தப்பு என்னுடையது.

விஜயதசமி முடிந்து வந்த வெள்ளியன்று ஓவர்டைம் வந்துவிட்டது. பக்கத்து வீட்டு அக்காவிடம் எங்கள் சாவி ஒன்று எப்போதும் இருக்கும். மேடையில் இரண்டு நீல நோட்டும் இருப்பதை மறந்துவிட்டுப் போன் போட்டேன். “சாமி மேடையில நீல நோட்டு இருக்கும்க்கா, சந்தனம் பூசினது. இன்னைக்கு நீங்க படிச்சிருங்க.”

“அலமாக், மைக்லயா? எனக்கு நாக்கு ஒட்டிக்கும்லா!”

“நிமிந்து யாரையும் பாக்காதீங்க. எழுத்துக் கூட்டிப் படிச்சாப் போதும்.”

அக்கா சொன்னதைச் செய்தார். நிமிரவே இல்லை.

நான் யூனிஃபார்மோடு கோயில் வாசலில் வந்து இறங்கியபோது ஒலிபெருக்கியில் அக்காவின் குரல். “உப்பில்லாக் கடலில்... அழுது... உப்பிட்டவளே...” உள்ளேயிருந்து ஐம்பது பெண்களின் குரல். “போற்றி!”

முதலில் பயம். மறைக்காமல் சொல்கிறேன், அடுத்த மூச்சில் சந்தோஷம். முன்வரிசையில் ஒரு அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்தார். ஓடிப்போய் நிறுத்தியிருக்கலாம். இன்னும் ஒரு வரி, இன்னும் ஒரு வரி என்று நின்றுவிட்டேன்.

“நாலு காது மக்களை நனையாமல் காத்தவளே...”

“போற்...”

ஒரு பெண் தன் காதைத் தொட்டுப் பார்த்தாள். “யாருக்குலா நாலு காது?” என்று பின்வரிசையிலிருந்து ஒரு குரல். சிரிப்பு கிளம்பியது. கோயில் தலைவர் வந்து மைக்கை வாங்கினார்.

ஞாயிறன்று என்னைக் கூப்பிட்டார்கள். “எந்தச் சாமிக்கும்மா எங்க வீட்டுப் பொம்பளைங்க போற்றி சொன்னாங்க?” என்றார் தலைவர்.

“அம்மன் விளக்கு முன்னாடிதானே அண்ணே சொன்னாங்க? போனது அவளுக்குத்தான்.”

“வாயாடாதீங்க.”

நோட்டு மாறியதற்குக் கைகூப்பி மன்னிப்புக் கேட்டேன். அம்மன் முன்னால் விழுந்தும் கும்பிட்டேன். அது போதவில்லை. “வர்ற வெள்ளி எல்லார் முன்னாடியும் அந்த நோட்டைக் கிழிச்சுப் போடுங்க. மைக்கு பழையபடி உங்களுக்கு. இல்லன்னா இனிமே நீங்க படிக்க வேணாம்” என்றார்.

அந்த மைக் எனக்குச் சின்ன விஷயம் இல்லை. வாரம் முழுக்க இயந்திரச் சத்தத்தில் என் குரல் எனக்கே கேட்காது. வெள்ளிக்கிழமை ஒரு மணி நேரம்தான் அது என் குரல்.

மகள் அழுதாள். “கிழிச்சிருங்கம்மா. எல்லாப் பக்கத்தையும் போன்ல படம் எடுத்து வச்சிட்டேன். ஒன்னும் போகாது.”

உண்மைதான், ஒன்றும் போகாது. ஆனால் பழைய பேப்பரில் கால் பட்டால்கூடத் தொட்டுக் கண்ணில் ஒற்றிக்கொள்கிற ஆட்கள் நாங்கள். சரஸ்வதியிடம் வைத்து எடுத்த நோட்டை எந்தக் கையால் கிழிப்பது? கிழித்த கையோடு எப்படிப் போற்றி படிப்பது?

வெள்ளிக்கிழமை நோட்டோடு போனேன். தலைவர் தலையாட்டினார். மைக்கை வாங்கினேன்.

“நோட்டு மாறினது என் தப்பு. மறுபடியும் மன்னிப்புக் கேக்குறேன். இதை எழுதினது தப்பில்ல. நான் கிழிக்க மாட்டேன். சரஸ்வதி பூசையில வச்ச புத்தகத்தைக் கிழிக்க இங்க யாருக்காச்சும் மனசு வரும்னா, வந்து கிழிங்க.”

நோட்டை நீட்டிக்கொண்டே நின்றேன். தலைவர் இரண்டு அடி வந்தார். அட்டையில் காய்ந்திருந்த குங்குமத்தைப் பார்த்தார். கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டார்.

“மைக்க வைங்க” என்றார்.

வைத்தேன். என் விளக்கை எடுத்துக்கொண்டு கடைசி வரிசையில் போய் உட்கார்ந்தேன். பக்கத்து வீட்டு அக்கா எழுந்து, தன் விளக்கையும் தூக்கிக்கொண்டு வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார். அன்றிலிருந்து வேறொருவர் படிக்கிறார். கொஞ்சம் வேகம், ஆனால் நல்ல குரல். நான் ஒரு வெள்ளிகூடத் தவறவிடவில்லை. கடைசி வரிசையிலிருந்து நான் சொல்லும் போற்றி முன்னால் வரைக்கும் கேட்கும்.

கோயிலில் அக்கா படித்தபோது நோட்டில் முடிந்திருந்தது அறுபது வரிதான். மீதியை பஸ்ஸில் எழுதி நூற்றெட்டு ஆக்கினேன். இந்த வருடச் சரஸ்வதி பூசைக்கு அடுக்கில் அதைத்தான் மேலே வைத்தேன். பூசை முடிந்து எடுக்கும்போது மகள் கடைசி வரியைச் சத்தமாகப் படித்தாள்.

‘கிழிக்கச் சொன்னவர் கைக்கும் விரல்கள் தந்தவளே போற்றி.’

“என் கதையில இப்படி ஒன்னும் நடக்கலையேம்மா.”

“இனிமே நடக்கும். வரை.”