ராணிக்குக் கொடுத்த விஷம்

காலையில் எழுந்ததும் முதல் வேலையாக என் சரித்திர நாவலின் ராணிக்கு விஷம் கொடுத்தேன்.

வடமதுரையில் பஸ் ஏறியதும் பதிப்பாளர் அழைத்தார். "ராணியை முடிச்சுட்டேன் சார். சாயங்காலம் அனுப்பிர்றேன்" என்றேன்.

பக்கத்து இருக்கை அக்கா பையோடு நகர்ந்து உட்கார்ந்தார். "யாரைம்மா முடிச்ச?"

கதைதான் என்று விளக்கினேன். முன்பு டிவி சீரியல் தயாரித்தவள் என்றும் சொல்லித் தொலைத்தேன். எந்த சீரியல் என்று கேட்டார். சொன்னேன்.

"அடிப்பாவி! அந்த மூத்த மருமகளை லாரி ஏத்திக் கொன்னது நீதானா? அம்புட்டு நல்ல பிள்ளைய!"

"நடிச்சவங்க சம்பளத்தைக் கூட்டிக் கேட்டாங்கக்கா."

"அப்ப இந்த ராணியும் கூட்டிக் கேட்டாளாக்கும்?"

பஸ்ஸே சிரித்தது. நானும்தான். ஆனால் திண்டுக்கல்லில் இறங்கும்போது உண்மையை எனக்கு நானே ஒப்புக்கொண்டேன். போரில் ராஜா செத்த பிறகு ஒரு பெண் தனியாக நாட்டை எப்படி ஆள்வாள் என்று யோசிக்க எனக்குச் சோம்பல். அதனால்தான் விஷம்.

ராணி பிழைக்கிறாள். ஆளவும் போகிறாள். நாவல் இன்னொரு பாதி நீளும்.

பதிப்பாளருக்கு இன்னும் சொல்லவில்லை. அவர் ஃபேஸ்புக் பக்கம் வருவதில்லை என்ற தைரியத்தில் கேட்கிறேன்: அந்தக் காலத்து விஷமுறிவு மருந்து யாருக்காவது தெரியுமா?