அம்மாக்கண்ணுவின் கட்டுத்துவக்கு

அந்த லயத்தில் அம்மாக்கண்ணு பேச்சு வைத்திருந்தது தன் கோழிகளோடு மட்டும்தான். அதுவும் ஏச்சு. தேயிலைத் தோட்டத்தில் ஒரே கூரைக்கு அடியில் வரிசையாகப் பத்துக் காம்பராக்கள், பத்துக் குடும்பங்கள் கொண்ட லயம். ஒவ்வொரு காம்பராவோடும் ஒவ்வொரு பகை. கடைசிக் காம்பராக்காரி பீலிக் குழாயில் வரும் தண்ணீரை மறித்துவிட்டவள். நடுக் காம்பராக்காரன் அவள் புருஷனின் சாவு வீட்டில் பல் தெரியச் சிரித்தவன். கோயில் வரி பாக்கி என்று தோட்டத் தலைவர் சொல்வார். கொடுத்தேன், நீ குடித்துவிட்டாய் என்று இவள் சொல்வாள். நல்லது கெட்டது எதற்கும் யாரும் அவளை அழைப்பதில்லை. அழைத்தாலும் வரமாட்டாள் என்பதால் அழைக்கவில்லை என்றார்கள். அழைத்தால் போகக்கூடாது என்றுதான் அவளும் காத்திருந்தாள்.

இத்தனை பகைக்கும் அடியில் கிடந்தது ஒரு துண்டு நிலம். லயத்துக்குக் கீழே, தேயிலை முடிந்து ஓடைக்கு இறங்கும் சரிவு. கல்லும் மானாப் புல்லுமாகக் கிடந்ததை அவளும் புருஷனும் தோட்ட வேலை முடிந்த பிறகு கொத்தித் திருத்தினார்கள். பெயர்த்த கல்லையே அடுக்கி நான்கு படிப் பாத்தி கட்டினார்கள். புருஷன் போன பிறகு ஐந்தாவது படியை அவள் தனியாகக் கட்டினாள். லீக்ஸ், கரட், ஒரு ஓரத்தில் பீட்ரூட். பென்சன் எடுத்த பிறகு நாள் முழுக்க அங்கேயே இருந்தாள். ஆடு இறங்கினால் ஆட்டை அடிப்பாள். ஆட்டுக்காரன் வந்தால் அவனையும்.

தோட்டத்தை நடத்தப் புதிதாக வருகிற ஒவ்வொரு தொரையும் ஒரு தரம் அந்த மேட்டில் வந்து நின்று, வேலை மேற்பார்க்கிற கண்டாக்கு யோகேஸ்வரன் வாயால் ஒரே பேச்சைச் சொல்ல வைப்பார்.

"இந்தத் தோட்டத்துல ஒங்களுக்குன்னு ஒண்ணும் இல்ல, தெரியுந்தான? காம்பராவும் கம்பெனியோடது, மண்ணும் கம்பெனியோடது. சும்மா இருக்க விட்டிருக்கு."

அவள் மண்வெட்டியை நிறுத்தாமல் கேட்டுக்கொண்டிருப்பாள். அவர்கள் போன பிறகு காறித் துப்பிவிட்டு மறுபடி கொத்துவாள்.

பக்கத்துக் காம்பரா சுதாகரனுக்கு அந்த நிலத்தின் மேல் கண். அவனுடைய பாத்தி அவள் பாத்தியை ஒட்டியிருந்தது. மழைக்கு மழை எல்லைக் கல் அரையடி நகர்ந்திருக்கும். மழை நகர்த்தியது என்பான். மழைக்குக் கை முளைத்ததா என்பாள்.

சுதாகரன் காட்டுப் பன்றிக்குத் துவக்கு கட்டுகிறவன். ஒரு இரும்புக் குழாய், ஒரு கட்டை, பன்றி வரும் தடத்தில் இழுத்துக் கட்டிய கம்பி. கம்பியில் எது பட்டாலும் வெடிக்கும், பன்றியோ மனிதனோ அதற்குத் தெரியாது. பன்றி விழுந்தால் பாதியை டவுனில் விற்பான். மீதியைக் கூறு போட்டு லயத்துக்குப் பங்கு அனுப்புவான். தலைவர் வீட்டுக்கு, கடைசிக் காம்பராவுக்கு, பிள்ளைத்தாச்சி வீட்டுக்கு ஈரலோடு. அம்மாக்கண்ணுவின் வாசலைத் தாண்டித்தான் இலைப் பொட்டலங்கள் போகும். ஒரு தரமும் நின்றதில்லை.

அந்தத் துவக்கை அவன் அவளுடைய நிலத்தின் கீழ்க்கோடியில், ஓடையோரப் புதருக்குள் கட்டியிருந்தான். தன் பாத்தியில் கட்டினால் தன் தலையில் விழும் என்கிற அளவுக்கு அவனுக்குச் சட்டம் தெரியும்.

ஒரு விடியலில் அது வெடித்தது. பன்றி விழுந்தது. லயத்துக்குப் பங்கு போனது. துவக்கை மறுபடி கட்டிவிட்டு அவன் வேலைக்குப் போய்விட்டான். அடுத்த நாள் கொழுந்தெடுக்கக் குறுக்கு வழியில் இறங்கிய லெட்சுமியின் இடுப்பில் கட்டிய படங்குச் சாக்கு கம்பிக்கு ஒரு சாண் இந்தப் பக்கம் நின்றது. அவள் கூடையைப் போட்டுவிட்டு ஓடினாள். அந்த மலைக்கு இனி இறங்க மாட்டோம் என்று பெண்கள் காலையில் பேர் கூப்பிடும் பெரட்டுக்களத்தில் உட்கார்ந்துவிட்டார்கள். கொழுந்து முற்றிக்கொண்டிருந்தது. தொரை பொலிசுக்குப் போன் போட்டார்.

ஜீப் வந்தபோது அம்மாக்கண்ணு மூன்றாவது படியில் களை பிடுங்கிக்கொண்டிருந்தாள். பொலிஸ் சார்ஜன் சரிவைச் சுற்றிப் பார்த்தார். கல் படிகளைப் பார்த்தார். அவளைப் பார்த்து, "மே இடம காகெத?" என்று சிங்களத்தில் கேட்டார்.

நிலம் யாருடையது என்று அரசாங்க உடுப்புப் போட்ட ஒருவர் அவளிடம் கேட்டதேயில்லை. உன்னுடையது இல்லை என்று சொல்லத்தான் இதுவரை எல்லோரும் வந்திருக்கிறார்கள். அவள் நிமிர்ந்து மண் கையைச் சேலையில் துடைத்தாள்.

"மகே" என்றாள். என்னுடையது.

அவர் புதருக்குள்ளிருந்து எடுத்த குழாயைத் தூக்கிக் காட்டினார். அவளை ஜீப்பில் ஏறச் சொன்னார்.

பொலிசில் அவள் சுதாகரனின் பெயரைச் சொன்னாள். அவன் கட்டினது, அவன் விற்கிறது, லயத்துக்கே தெரியும் என்றாள். பொலிஸ் லயத்துக்கு வந்து காம்பரா காம்பராவாகக் கேட்டது. துவக்கா, எங்களுக்கு ஒன்றும் தெரியாதுங்க என்றார்கள். ஒன்பது அடுப்பிலும் பன்றிக் கறி வெந்திருந்தது. பங்கு வாங்காத வாய் ஒன்றே ஒன்றுதான். அதுவும் பொலிசில் உட்கார்ந்திருந்தது.

மகள் ஜீவராணி கொழும்பிலிருந்து வந்து, நீதிமன்றத்தில் பிணையெடுத்து, கிருஷாந்தி என்கிற இளம் வக்கீலையும் பிடித்துக் கொடுத்தாள். தோட்டப் பிள்ளைதான் அந்த வக்கீல். அதனால் அம்மாக்கண்ணுவுக்கு அவளிடம் மரியாதை வரவில்லை.

"கட்டுத்துவக்குக்கு லைசனே கிடையாதும்மா" என்றாள் கிருஷாந்தி. "தொரை பங்களாவுல வச்சிருக்காரே, அதுக்கு லைசன் இருக்கு. இதுக்கு யாரு போய்க் கேட்டாலும் குடுக்க மாட்டாங்க. வச்சிருந்தாலே குத்தம்."

"நா வைக்கலயே."

"வச்சிருக்கிறதுன்னா கையில புடிச்சிருக்கிறது மட்டும் இல்ல. ஒங்க பொறுப்புல உள்ள எடத்துல, ஒங்களுக்குத் தெரிஞ்சு இருந்தாலே வச்சிருந்த மாதிரிதான்."

"எனக்குத் தெரியாது."

"பொழுதுக்கும் அங்கயேதான் கெடந்தேன்னு பொலிசுல நீங்களே சொல்லியிருக்கீங்க. தெரியாதுன்னா யாரு நம்புவா?"

"அப்ப நீயே நம்பல."

"நா நம்புறேம்மா. நீதவான் நம்பணும்ல?" கிருஷாந்தி குரலைத் தாழ்த்தினாள். "ஒரு வழி இருக்கு. அது கம்பெனி நிலம், நா சும்மா கொத்திக்கிட்டு இருந்தேன், போறவங்க வாறவங்க எல்லாரும் நடக்குற எடம்னு சொல்லுங்க. யாரு வேணா கட்டியிருக்கலாம்னு ஆயிரும். தப்பிச்சிரலாம்."

"சொல்லிப்புட்டா நெலம்?"

"அது வேற விஷயம்மா."

"ஒனக்கு வேற விஷயம்" என்று அம்மாக்கண்ணு எழுந்துவிட்டாள்.

அந்த வாரமே சுதாகரன் வந்தான். அவள் வாசலில் அவன் நின்று பல வருஷம் ஆகியிருக்கும். உள்ளே வரச் சொல்லாததால் வெளியிலேயே நின்று பேசினான்.

"சின்னம்மா, கம்பெனி நெலம்னு ஒரு வார்த்த சொல்லிருங்க. இந்த வயசுல ஒங்களுக்கு எதுக்குக் கோடு கச்சேரி? மத்தத நா பாத்துக்கிறேன்."

"எத?"

"நெலத்த."

அவள் கையில் விளக்குமாறு இருந்தது. அவன் முற்றத்தைத் தாண்டும்வரை அது அவன் பின்னால் போனது.

தொரை முதலில் பழக்கதோஷத்தில் பொலிசிடம், ஆமாம், தோட்டத்தில் எல்லா நிலமும் எங்களுடையதுதான் என்று சொல்லிவைத்திருந்தார். அப்படியானால் துவக்கைப் பற்றி நீங்களும் வாக்குமூலம் தரவேண்டி வரும் என்றது பொலிஸ். தொரை தலைமை அலுவலகத்தைக் கேட்டார். மறுநாள் யோகேஸ்வரன் பொலிசுக்குப் போய் வேறு மாதிரிச் சொல்லிவிட்டு வந்தார்.

அவர் சொன்னதை அம்மாக்கண்ணு நீதிமன்றத்தில்தான் கேட்டாள். பொலிசின் அறிக்கையை மொழிபெயர்ப்பாளர் தமிழில், ஆள் முகத்தைப் பார்க்காமல், மழை பெய்கிற மாதிரிச் சொல்லிக்கொண்டு போனார். குறித்த காணித்துண்டு சந்தேகநபரினால் இருபது வருடங்களுக்கு மேலாகத் திருத்திப் பயிரிடப்பட்டு அவரது முழுப் பொறுப்பில் இருந்து வருவதாகவும், கம்பெனிக்கு அதில் யாதொரு தொடர்பும் இல்லை எனவும் தோட்ட உத்தியோகத்தர் கூறியுள்ளார்.

அம்மாக்கண்ணு கூண்டின் கம்பியைப் பிடித்தாள்.

"இன்னொருக்கா சொல்லச் சொல்லுங்க" என்றாள்.

விளங்கவில்லை என்று நினைத்து நீதவான் அனுமதித்தார். மொழிபெயர்ப்பாளர் நிதானமாக மறுபடி சொன்னார். பின்வரிசையில் உட்கார்ந்திருந்த யோகேஸ்வரன் தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

வெளியே வந்ததும் கிருஷாந்தி அவளை ஓரமாகக் கூட்டிப் போனாள்.

"நம்மளக் கட்டிப் போடுறது அந்த ஒரு வாக்குமூலந்தாம்மா. ஒங்க பொறுப்புன்னு சொல்லித் துவக்க ஒங்க தலையில வைக்கிறாங்க. கண்டாக்கு கூண்டுல ஏறட்டும். இத்தன வருஷமா மண்ணு கம்பெனியோடதுன்னு சொன்னது நீங்கதானேன்னு கேட்டேன்னா ஆடிப்போயிருவாரு. ஒடச்சிரலாம்."

"ஒடைக்காத."

"என்னம்மா?"

"அத ஒடைக்காத. அது அப்புடியே இருக்கட்டும்."

"வெளங்காமப் பேசுறீங்க. தண்டன கெடைக்கும்."

"கெடைக்கட்டும். திரும்பி வந்தா எங்க வருவேன்? என் நெலத்துக்குத்தான வருவேன்?"

கிருஷாந்திக்குக் கோபம் வந்தது. "கோட்டுல ஒருத்தர் சொன்னது காணி உறுதிப் பத்திரமாகிறாதும்மா. அத வச்சு யாரும் ஒங்களுக்குக் காணி எழுதிக் குடுக்கப் போறதில்ல."

"உறுதி யாரு கேட்டா? இனிமே அந்தக் கண்டாக்கு என் மூஞ்சிக்கு நேரா வந்து மண்ணு கம்பெனியோடதுன்னு சொல்லட்டும். அதான் எனக்கு வேணும்."

அடுத்த வழக்குத் தவணையில் குற்றத்தை ஒத்துக்கொள்கிறாயா என்று கேட்டார்கள். "நெலம் என்னுது" என்றாள். கேட்டது துவக்கைப் பற்றி என்றார் மொழிபெயர்ப்பாளர். அவள் கிருஷாந்தியைப் பார்த்தாள். கிருஷாந்தி ஜன்னலைப் பார்த்தாள். "ரெண்டும்தான்" என்றாள் அம்மாக்கண்ணு.

வயதைப் பார்த்து நீதவான் தண்டப்பணம் போட்டார். சிறைத் தண்டனையை ஒத்திவைத்தார். இன்னொரு தரம் அந்த நிலத்தில் துவக்கு பிடிபட்டால் நேரே மறியல் என்று இரண்டு மொழியிலும் சொன்னார்கள். ஜீவராணி பணத்தைக் கட்டிவிட்டு, இனிமேல் எனக்குப் போன் போடாதே என்று சொல்லி பஸ் ஏறினாள்.

மழை விட்ட பிறகு யோகேஸ்வரன் இரண்டு ஆட்களோடு ஓடைச் சரிவுக்கு வந்தார். ஓடையோரம் முழுக்க மரக்கன்று நட உத்தரவாம். ஆட்கள் ஐந்தாவது படியில் கால் வைத்ததும் அவள் மண்வெட்டியைக் குறுக்கே பிடித்தாள்.

"யாரக் கேட்டு?"

"தொரையோட உத்தரவு. தள்ளு."

"கம்பெனிக்கு யாதொரு தொடர்பும் இல்லன்னு ஒரு மனுசன் சொன்னான். ரெண்டு தரம் வாசிச்சாங்க. அந்த மனுசன் யாரு கண்டாக்கையா? ஒங்களுக்குத் தெரியுமா? இப்ப தொடர்பு இருக்குன்னா சொல்லுங்க, பொலிசுக்கு நாங்களும் போவோம்ல. துவக்குக் குத்தத்துல பாதிய ஒங்க பேருல எழுதச் சொல்லுவோம்."

யோகேஸ்வரன் அவளை நாயே பேயே என்று ஏசினார். ஆட்கள் சிரிக்கத் தொடங்கவும் அவர்களையும் ஏசினார். கன்றுகளைச் சுதாகரனின் பாத்தியில் நடச் சொல்லிவிட்டு ஏறிப் போனார்.

பாத்தி போன கவலையில் சுதாகரன் அடங்கிப்போனான். அவள் தினமும் விடியலில் கம்போடு எல்லையைச் சுற்றிவந்து புதரையெல்லாம் குத்திப் பார்ப்பதையும் அவன் கவனித்திருக்க வேண்டும். ஒரு ஞாயிற்றுக்கிழமை அவள் வாசலில் இலைப் பொட்டலம் ஒன்று இருந்தது. முதல் பங்கு. கறியோடு ஈரலும் இருந்தது.

அம்மாக்கண்ணு பொட்டலத்தை எடுத்துக்கொண்டு போய் அவன் வாசல்படியில் போட்டாள். லயத்தில் ஒவ்வொரு கதவிலும் ஒரு தலை எட்டிப் பார்த்தது.

"இது எங்க விழுந்துச்சு?"

"ஓடைக்கு அங்கிட்டு, சின்னம்மா. சத்தியமா அங்கிட்டுதான்."

"அப்ப இது ஒன்னுது. நீயே தின்னு. அன்னக்கி விழுந்துச்சே, அது எங்க?"

அவன் ஓர் அடி உள்ளே பின்வாங்கினான்.

"நெலம் என்னுதுன்னு கம்பெனி சொல்லிருச்சு. துவக்கு என்னுதுன்னு கோட்டு தீர்ப்புக் குடுத்துருச்சு. அப்ப அந்தப் பன்னி யாருதுடா? யாரக் கேட்டுடா என் பன்னிய நீ பங்கு போட்ட?"

அவன் கதவைச் சாத்திக்கொண்டான். மற்ற கதவுகளும் சாத்தப்பட்டன. அம்மாக்கண்ணு முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு லயத்தின் மறுகோடிக்கு நடந்தாள். கடைசிக் காம்பராவின் கதவைத் தட்டித் தன் பன்றியைக் கேட்டாள். பிறகு அடுத்த கதவு.