தொடக்கூடாது என்று சூட்டி சொன்ன இரண்டு

சூட்டி, நீ போன செய்தி வந்தபோது நான் கடைக்குக் கொடுக்க இடியப்பம் பிழிந்துகொண்டிருந்தேன். தெமட்டகொடையிலிருந்து உன் மனைவி போனில் கூப்பிட்டாள். "மச்சாள், டெங்கு எண்டுதான் சொன்னவை. விடியவே போயிட்டார்" என்றாள். மாவுக் கையோடு நின்றேன். நான் உன்னோடு கதைக்காமல் விட்டு அன்றைக்கு ஏழு மாதம்.

இந்த நினைவு மலரை வாசிக்கிற எல்லாருக்கும் சூட்டியைத் தெரியும். துறைமுக வாசலில் பாஸ் பார்த்து ஆட்களை உள்ளே விட்டவன், டீவியில் நக்கல் போட்டியில் வென்றவன். எனக்கு அவன் தம்பி. அம்மா செத்தபோது அவனுக்கு ஆறு வயது. நான் ஐந்தாம் வகுப்போடு நின்று அவனை வளர்த்தேன்.

பள்ளிக்கூடத்தில் பெடியன்கள் அவனை நொண்டி என்று கூப்பிட்டார்கள். அழுதுகொண்டு வந்தவனிடம், "அழாத, திருப்பிச் சொல்லடா" என்று சொன்னது நான்தான். அடுத்த நாள் போய், "என்ர கால்தான் வளைஞ்சது, உனக்கு மூஞ்சியே வளைஞ்சிருக்கு" என்று சொல்லிவிட்டு வந்தான். அன்றைக்குத் திறந்த வாய் பிறகு மூடவேயில்லை.

அந்தப் போட்டியில் இரண்டு பேர் நேருக்கு நேர் நின்று ஒருவரை ஒருவர் நக்கலடிக்க வேண்டும். யாருடைய முகம் முதலில் சுருங்குகிறதோ அவர் தோற்றார். கடைசிச் சுற்றில் எதிரே நின்றவன் வெள்ளவத்தை ஜெரோம். கொட்டாஞ்சேனையில் எங்கள் லேன் சனம் முழுக்க அதை டீவியில் பார்க்க என் வீட்டில் கூடியிருந்தது. எல்லாருக்கும் நான் தேத்தண்ணி ஊற்றிக் கொடுத்துக்கொண்டிருந்தேன்.

ஜெரோம் சொன்னான்: "மச்சான், உன்ர அத்தான் கட்டாருக்குப் போய்ப் பதினொரு வருசம், ஒரு போன் கோல் கூட இல்லையாம். உன்ர அக்காட வாய்க்கு ஒட்டகம் பரவாயில்லையாம். அது துப்புமாம், ஆனா ஏசாதாம்!"

எல்லாரும் என் கையிலிருந்து கோப்பையை வாங்கிக்கொண்டே சிரித்தார்கள். சூட்டி, டீவியில் நீயும் பல்லெல்லாம் தெரியச் சிரித்தாய். உன் முகம் சுருங்கவில்லை. அதனால் நீ வென்றாய்.

என் புருசன் என்னை விட்டுவிட்டுப் போனதை நான் யாருக்கும் வாய் திறந்து சொன்னதில்லை. லேனில் தெரிந்தவர்களும் தெரியாதமாதிரித்தான் இருந்தார்கள். அதற்குப் பிறகு மீன்காரன் கூட, "அக்கா, ஒட்டகத்துக்கும் சேர்த்து வெட்டவா?" என்று கேட்டான்.

நீ வென்ற கப்பைத் தூக்கிக்கொண்டு என் வாசலுக்கு வந்தாய். "அக்கா, அது கேம்தானே. நாலு பேர் சிரிக்கிறதுக்கு ஒராள் அடி வாங்கத்தானே வேணும்."

"அடி வாங்கினது நீயா, நானா?" என்று கேட்டுக் கதவைச் சாத்தினேன். நத்தாருக்கு, கிறிஸ்மஸ் கேக்கோடு வந்தாய். அன்றைக்குத் திறக்கவேயில்லை.

செத்த வீட்டுக்கு ஜெரோம் வந்திருந்தான். பெட்டிக்குப் பக்கத்தில் என் கையைப் பிடித்து அழுதான்.

"மன்னிச்சுக்கொள்ளுங்கோ அக்கா. ஷூட்டிங்குக்கு முதல் நாங்கள் ரெண்டு பேரும் இருந்து கதைக்கிறனாங்கள், எதைத் தொடக்கூடாது எண்டு. அவன் ரெண்டு சொன்னவன். அம்மாவைத் தொடாத, காலைத் தொடாத எண்டு."

"என்னை?"

"உங்களைப் பற்றி ஒண்டும் சொல்லேல்ல. சொல்லியிருந்தா சத்தியமாத் தொட்டிருக்க மாட்டன் அக்கா."

ஆறுதலுக்குத்தான் சொன்னான் பாவம். அதற்குப் பதில் என் கன்னத்தில் அறைந்திருக்கலாம்.

மற்றவர்கள் உன்னைப் பற்றி நல்லதாக எழுதுவார்கள். எழுதட்டும். உன் மனைவி கப்பைத் தந்தாள், நான் வாங்கவில்லை. போனில் அந்தக் காட்சி இன்னும் ஓடுகிறது. நீ அசைந்து கதைப்பதை இனி அதில்தான் பார்க்கலாம். ஒட்டகம் வரும் என்று தெரிந்தும் தினமும் பார்க்கிறேன். எனக்கென்று மிஞ்சியது உன்னுடைய அந்தச் சிரிப்பு மட்டும்தான்.

அம்மாவைச் சொன்னாய், காலைச் சொன்னாய். என்னைச் சொல்ல மறந்துபோனாயா, சூட்டி, இல்லை, அக்கா எதையும் தாங்குவாள் என்று நினைத்தாயா?