கற்பூரம் அணைத்த பிறகு வாபஸ் வாங்கிய வழக்கு

ஆத்தாளை நம்பியிருக்கும் சொந்தங்களே, பயத்தில் பாதி உயிர் போயிருந்த என்னை அவள் காப்பாற்றியதைச் சொல்கிறேன்.

ஐரோப்பாவில் சண்டை தொடங்கிய வருஷம். வெண்ணந்தூர்ப் பக்கம் நாங்கள் பயிர் செய்யும் காடு. வீட்டுக்காரர் செத்துப்போன மறுமாதமே கொழுந்தன் இரண்டு குடும்பத்துக்கும் பொதுவான கிணற்றை முள் போட்டு அடைத்துவிட்டான். மிளகாய்ச் செடி கண்ணெதிரே காய்ந்தது. இரண்டு பெண் குழந்தைகளுக்கும் அந்தத் தண்ணீர்தான் சோறு. முன்சீப் கோர்ட்டில் வழக்குப் போட்டேன். போட்ட கையோடு, ஆழம் தெரியாமல் காலை விட்டேன். மாரியம்மன் சன்னதியில் ஊரே பார்க்கக் கற்பூரத்தை அணைத்து, தீர்ப்பு வாங்காமல் கோர்ட்டுப் படி இறங்க மாட்டேன் என்று சத்தியம் செய்தேன்.

தை மாதம் வக்கீல் கூப்பிட்டனுப்பினார். கோர்ட்டில் கொடுத்த பிராது மனுவில் கிணற்றுக்காட்டு சர்வே நம்பருக்குப் பதில் மேட்டுக்காட்டு நம்பர் ஏறிவிட்டதாம்.

"இப்படியே உட்டா கேசு தள்ளுபடி ஆயிருமுங்க. அப்பறம் கெணறு போனது போனதுதான். வாபஸ் வாங்கிக்கிட்டு, மறுபடி போட அனுமதி கேக்கலாம். குடுக்கறது முன்சீப் இஷ்டமுங்க" என்றார்.

வாபஸ் வாங்கினால் சத்தியம் தவறும். அந்தப் பாவம் குழந்தைகள் மேல் விழும். வாங்காவிட்டால் கிணறு போகும். சின்னவளுக்கு உடம்பு லேசாகச் சுட்டாலே எனக்கு உயிர் நடுங்கியது.

கோயிலில் போய் விழுந்தேன். பூசாரி, "ஆத்தாகிட்டயே கேளுங்க சாமி" என்று அம்மன் சிலையின் தோள் இரண்டிலும் பூ வைத்தார். வலப்பக்கப் பூ விழுந்தால் வாபஸ் வாங்க உத்தரவு. தாயே, சத்தியத்தைத் திருப்பி எடுத்துக்கொள், குழந்தைகளை விட்டுவிடு என்று அழுதேன். நெடுநேரம் ஒன்றும் அசையவில்லை. பிறகு வலப்பக்கப் பூ விழுந்தது.

அப்போதும் பயம் தெளியவில்லை. கோர்ட்டில் எதிர்வக்கீல், அனுமதியே தரக்கூடாது என்று சத்தம் போட்டார். எல்லாம் இங்கிலீஷ், எனக்கு அர்த்தம் பிறகுதான் தெரிந்தது. முன்சீப் குனிந்து எழுதிக்கொண்டே இருந்தார். மாரியாத்தா, மாரியாத்தா என்பதைத் தவிர என் வாயில் வேறு வார்த்தை வரவில்லை. எங்கள் வக்கீல் திரும்பி, "குடுத்துட்டாருங்க. மறுபடி போட்டுக்கலாம்" என்றார். அங்கேயே உட்கார்ந்து அழுதேன்.

நம்பரைத் திருத்தி மறுபடி போட்ட வழக்கில் கிணற்றில் பாதி எங்களுக்கென்று தீர்ப்பாயிற்று. கொழுந்தனே முள்ளை எடுத்தான். குழந்தைகளுக்கு ஒரு குறையும் வரவில்லை.

அன்றிலிருந்து நான் சத்தியம் செய்வதில்லை, கேட்கிறேன், அவ்வளவுதான். திடமான மனசு இருந்தால்தான் சாமி கேட்கும் என்பார்கள். நான் நடுங்கிக்கொண்டேதான் கேட்டேன், எனக்குக் கொடுத்தாள். உங்களுக்கும் கொடுப்பாள், போய்க் கேளுங்கள்.