ஊற வைத்த பாவும் பேக்கரி அடுப்பும்

யோசனை வந்தது ரயிலில். சயானில் ஏறி, கம்பியை ஒரு கையால் பிடித்துக்கொண்டு, இன்னொரு கையால் குடும்ப வாட்ஸ்அப் குரூப்பைத் தள்ளிக்கொண்டிருந்தேன். மாமா ஒரு பழைய படத்தைப் போட்டு, கீழே எழுதியிருந்தார்: மகளுக்குக் கல்யாணம், பத்திரிகை வைக்க பம்பாய் வருகிறேன், சீத்தா கேம்பில் பெரியம்மா வீட்டில் தங்கல், ஞாயிறு காலை எட்டு மணிக்கு எல்லோருமாக உங்கள் வீட்டுக்கு, பதினோரு மணிக்குள் புனே கிளம்ப வேண்டும்.

மாமா அம்மாவுக்கு ஒரே தம்பி. படம் அவர் போன தடவை வந்தபோது எங்கள் வீட்டில் எடுத்தது. மாமா, பெரியம்மா, பெரியப்பா, அவர்களுடைய பிள்ளைகள், மருமகள்கள், அப்பா, நான். எல்லோர் கையிலும் தட்டு, எல்லோர் வாயிலும் தோசை. இடது ஓரத்தில் ஒரு முழங்கை மட்டும் தெரிந்தது. அது அம்மா.

அன்றைக்கும் மாமா மூன்று மணி நேரம்தான் இருந்தார். அந்த மூன்று மணி நேரமும் அம்மா தோசைக்கல்லுக்கு முன்னால் நின்றாள். தோசையென்றால் எல்லோருக்கும் சூடாக வேண்டும். இருப்பது ஒரே கல். அவர் படியிறங்கிப் போன பிறகு, "வந்தவன்ட்ட ஒரு வார்த்த உருப்படியா பேசலியே" என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு கல்லைக் கழுவினாள். அது நடந்து இரண்டு வருஷம். இப்போது மறுபடியும் அதே மூன்று மணி நேரம்.

படத்தை மூடிவிட்டு வேறு எதையோ தேடும்போது ஒரு சமையல் வீடியோ ஓடியது. ஏதோ குளிர் தேசத்துப் பெண். பம்பாய் பாவ் மாதிரி இருந்த ரொட்டியைப் பிய்த்து ஆழமான ட்ரேயில் அடுக்கினாள். மேலே கறி, சீஸ். முட்டையும் பாலும் அடித்து ஊற்றினாள். ராத்திரி முழுக்க ஃபிரிட்ஜில் ஊறட்டும் என்றாள். காலையில் செய்ய வேண்டியது ஒன்றே ஒன்று, ஓவனுக்குள் தள்ளுவது. வருகிறவர்களும் நாங்களுமாகப் பதினாலு பேருக்கும் ஒரே நேரத்தில் சூடாக வெட்டிப் போடலாம். யாரும் அடுப்படியில் நிற்க வேண்டாம். குர்லா வருவதற்குள் முடிவு செய்துவிட்டேன். காட்கோபரில் இறங்கும்போது வாங்க வேண்டிய சாமான்கள் போனில் வரிசையாக இருந்தன.

வீட்டில் அந்தப் பலகாரத்தின் பெயரைச் சொன்னதுமே சிக்கல்.

"கேசரோலா? அது சப்பாத்தி வைக்கிற டப்பால்லா?" என்றாள் அம்மா.

வீடியோவைக் காட்டினேன். முழுவதும் பார்த்தாள். "பாவ் அடுக்குன்னு சொல்லு. வந்தவுகளுக்கு பாவா குடுப்பே? அசிங்கமா இருக்கும்ட்டி. நான் ஒரு வாளி மாவு அரச்சு வச்சிருதேன், இது சரியா வரலன்னா இருக்கட்டும்."

"மாவு இருந்தா நீ கல்லப் போட்டுருவ. மாவே கூடாது."

அப்பா பேப்பரை இறக்கினார். "கட்டிலுக்கடியில காளான் வளத்தாளே, அது மாதிரியா?"

அந்தக் காளான் விவகாரத்தில் வீடு ஒரு வாரம் நாறியது உண்மை. ஆனால் அது வேறு விஷயம் என்றேன். அம்மாவுக்கு இன்னும் ஒரு கவலை பாக்கி இருந்தது: பத்திரிகை வைக்க வருகிற நாளில் கொத்துக்கறியா? பத்திரிகையை வாங்கி சாமி முன்னால் வைத்துவிட்டு அப்புறம்தானே சாப்பிடப் போகிறோம் என்று நான் வாதாடினேன். கடைசியில், மாவு அரைப்பதில்லை என்று என் தலையில் அடித்துச் சத்தியம் வாங்கிக்கொண்டேன்.

எங்கள் வீட்டில் ஓவன் கிடையாது. சந்தில் யார் வீட்டிலும் கிடையாது. ஆனால் சந்து முனையில் பாவ் பேக்கரி இருக்கிறது. ஈத் வந்தாலும் கிறிஸ்துமஸ் வந்தாலும் சந்துப் பெண்கள் வீட்டில் நான்கட்டாய் பிஸ்கட்டுக்கு மாவு பிசைந்து, ட்ரேயில் உருட்டி வைத்து, அங்கே வரிசையில் நிற்பார்கள். பேக்கரி பாய் பாவ் எடுத்த பிறகு மிச்சமிருக்கும் சூட்டில் எல்லோருடையதையும் சுட்டுக் கொடுப்பார். நான் போய் விஷயத்தைச் சொன்னதும் இந்தியில் சிரித்தார்: இட்லிக்காரர்களும் பேக்கரிக்கு வந்துவிட்டீர்களா, இனி நான் சாம்பார் வைக்கவா? பிறகு கரி பிடித்த பெரிய ட்ரே ஒன்றைக் கொடுத்து, ஞாயிறு ஏழு மணிக்குக் கொண்டு வா என்றார்.

சனிக்கிழமை சாயங்காலம் வேலை வேகமாக நடந்தது. முந்தின நாள் பாவ் முப்பதைப் பிய்த்தேன். கொத்துக்கறியை வெங்காயம், மிளகு, நிறையக் கறிவேப்பிலை போட்டு அம்மாவே வதக்கித் தந்தாள்; அதில் ஒரு கிண்ணம் அப்பாவின் சப்பாத்திக்கு என்று தனியாக எடுத்து வைத்தாள். ஓர் அடுக்கு பாவ், ஓர் அடுக்கு கறி, சீஸ், மறுபடியும் பாவ். இருபது முட்டை, இரண்டு லிட்டர் பால், பச்சை மிளகாய், மேலே வெண்ணெய்க் கட்டிகள். ஃபிரிட்ஜின் நடுத் தட்டை உருவிவிட்டு ட்ரேயைக் கொஞ்சம் சாய்த்து உள்ளே திணித்தேன். எட்டு மணிக்கெல்லாம் வேலை முடிந்தது. வெற்றி பெற்றவள் மாதிரி தூங்கினேன்.

காலை ஆறரைக்கு எழுந்து ஃபிரிட்ஜைத் திறந்தால், ட்ரே இருந்த இடத்தில் பால் பாக்கெட்டும் கொத்தமல்லிக் கட்டும் சாவகாசமாகப் படுத்திருந்தன.

ட்ரே ஃபிரிட்ஜுக்கு மேலே இருந்தது. அதன்மேல் ஈரத்துணி. கோடை காலத்தில் இட்லி மாவுப் பானையை எப்படி மூடி வைப்பாளோ, அச்சு அசலாக அப்படியே.

அம்மா தண்ணீர் பிடித்து முடித்து, நனைந்த சேலையோடு உள்ளே வந்தாள். "என்னட்டி முழிக்கே? ராத்திரி படுக்கப் போறப்ப பாத்தேன், அசையவே இல்ல. ஃபிரிட்ஜுக்குள்ள வச்சா எப்பிடிப் பொங்கும்? அதான் எடுத்து வெளிய வச்சேன்."

துணியைத் தூக்கினேன். நடுவில் ஒரு குமிழி வந்து உடைந்தது. அம்மா குனிந்து முகர்ந்தாள். "நல்லா புளிச்சிருக்குல்லா" என்று ஆரம்பித்தவள் பாதியில் நிறுத்தினாள். மறுபடியும் முகர்ந்தாள்.

"கெட்டுப் போச்சோ?"

"முட்டையும் பாலும் கறியும்மா. மே மாசம்மா."

கோபப்பட எனக்கு வழியில்லை. எத்தனை முட்டை, எத்தனை பாவ், எத்தனை மணி என்று ஒரு வாரமாகச் சொல்லிக்கொண்டிருந்த நான், ஃபிரிட்ஜில் ஏன் என்று மட்டும் சொல்லவில்லை. எங்கள் வீட்டில் ராத்திரி முழுக்க வைக்கிற சாமானுக்கு ஒரே ஒரு வேலைதான் உண்டு, பொங்குவது. அதற்கு அம்மா உதவி செய்திருக்கிறாள்.

அம்மா ரவை டப்பாவை இறக்கினாள். "உப்புமா கிண்டிருதேன். ரெண்டு சட்னி அரச்சாப் போதும். நீ போய்க் குளி."

ரவை டப்பாவைப் பார்த்ததும் எனக்கு அந்த முழங்கைதான் ஞாபகம் வந்தது. பதினாலு பேருக்கு உப்புமா, சட்னி, காப்பி, அப்புறம் "இன்னும் கொஞ்சம் வைக்கட்டா" என்று அடுப்படிக்கும் கூடத்துக்கும் நடை. மாமா புனேக்குப் போய்விடுவார்.

"டப்பாவ வைம்மா. எனக்கு அரை மணி நேரம் குடு."

"என்ன செய்யப் போறே?"

எனக்கே தெரியாது. அப்பாவின் கொத்துக்கறிக் கிண்ணத்தையும் மிச்சமிருந்த சீஸையும் எடுத்துக்கொண்டு பேக்கரிக்கு ஓடினேன்.

பாயிடம் நேற்றைய பாவ் ஒன்றுகூட இல்லை. புது பாவ் ஊறாது, களியாகிவிடும் என்று அவரே சொன்னார். பிறகு பின்னாலிருந்த தகரப் பெட்டியைத் தட்டினார். டோஸ்ட். சந்தில் எல்லோரும் டீயில் முக்குகிற அதே மொறுமொறு டோஸ்ட், ஊரில் ரஸ்க் என்பார்கள். கொஞ்சம் தாமதித்தால் டம்ளருக்குள்ளேயே விழுந்துவிடும். உங்களுக்கு ஒரு ராத்திரி எதற்கு, இதற்கு ஐந்து நிமிஷம் போதும் என்றார். பக்கத்துக் கடையில் முட்டையும் பாலும் வாங்கி வந்தேன். மாவு பிசைகிற மேஜையில் இன்னொரு ட்ரேயில் டோஸ்டை அடுக்கினேன். அவர் முழங்கைவரை சட்டையைச் சுருட்டி முட்டையை அடித்தார். கறி போதவில்லை, இருந்ததை நடுவில் மட்டும் தூவினேன். உள்ளே போகும்போது ஏழு நாற்பது. அடுப்பின் சூடு நாங்கள் நினைத்ததைவிடத் தணிந்திருந்தது. விறகு வைத்து மறுபடியும் ஏற்றினார்.

எட்டேகாலுக்கு அம்மாவிடமிருந்து போன். குரல் தாழ்ந்திருந்தது. "எல்லாரும் வந்தாச்சுட்டி. பத்திரிகையும் வச்சாச்சு. அடுப்புல ஒண்ணுமில்ல. நான் இப்ப என்ன செய்ய?"

"உக்காரு."

"சும்மாவா?"

"சும்மாதான்."

"அவுக என்ன நெனப்பாக?"

"அப்பாவ டீ போடச் சொல்லு. நீ உக்காரும்மா."

எட்டரைக்கு இன்னொரு போன்: ஆச்சா? ஆகவில்லை. அதற்கப்புறம் போன் வரவில்லை. அடுப்பு வாயில் பாய் நீளக் கட்டையால் ட்ரேயை இழுப்பார், நான் கத்தியால் குத்துவேன், ஈரமாக வரும், மறுபடியும் தள்ளுவார். ஒன்பதே காலுக்கு, ஓரம் கறுக்க ஆரம்பித்த பிறகுதான் நடு வெந்தது.

சாக்குத்துணியில் பிடித்துக்கொண்டு வீட்டுக்குள் நுழைந்தபோது கூடத்தில் எல்லோரும் பாயில் வட்டமாக உட்கார்ந்திருந்தார்கள். நடுவில் காலி டீ டம்ளர்கள். அம்மா சுவரில் சாய்ந்து, காலை நீட்டி, மடியில் ஒரு பத்திரிகையை வைத்துக்கொண்டு மாமாவைத் திட்டிக்கொண்டிருந்தாள்.

"அப்பவே சொல்லியிருந்தேன்னா கேட்டிருப்பியால? மண்டபத்த ஊருக்கு வெளிய பிடிச்சு வச்சிருக்கான். பஸ்ஸு எது அங்க?"

"எக்கா, நான்தான் வேன் விடுதேன்லா."

"வேனு! ராத்திரி கெழடு கட்டைய எல்லாம் வேன்ல ஏத்தி எறக்குவியோ?"

நான் ட்ரேயோடு நிற்கிறேன். அம்மா எழுந்திருக்கவில்லை. என்னைப் பார்க்காமலே தரையைக் காட்டி, "அங்ஙன வை" என்றுவிட்டு வேன் சண்டையைத் தொடர்ந்தாள்.

பெரியம்மாதான் ட்ரேயை எட்டிப் பார்த்தாள். "சீத்தா கேம்ப்ல இருந்து வெறும் வயித்தோட வந்திருக்கோம். மகாராணி ஒம்பதேகாலுக்குக் கருக்கிட்டு வாறா பாரு."

மாமா ஒரு துண்டை வாயில் போட்டு, கண்ணை மூடித் திறந்தார். "ஏ மருமவளே, இது கேக்கா, கறிக்கொழம்பா?"

"ரெண்டும்தான் மாமா."

"அப்ப ரெண்டு துண்டா வை."

டோஸ்டில் இனிப்பு இருக்கும் என்பதை நான் மறந்தே போயிருந்தேன். நடுத் துண்டுகள் பரவாயில்லை. ஓரத்தில் இருந்தவற்றை மாமாவும் அண்ணன்மாரும் கருகலைச் சுரண்டிவிட்டுச் சாப்பிட்டார்கள். பெரியம்மா குறை சொல்லிக்கொண்டே மூன்று துண்டு எடுத்தாள். அம்மா பேச்சுக்கிடையில் ஒன்று தின்றாள். தட்டு தன் கையில் எப்படி வந்தது என்பதே அவளுக்குத் தெரிந்திருக்காது.

மாமா பத்தே முக்காலுக்குக் கிளம்பினார். அம்மா கீழே தெருவரை போய், ஆட்டோ நகர்ந்த பிறகும் உள்ளே கையை விட்டு ஏதோ சொல்லிக்கொண்டே கூட நடந்தாள்.

திரும்பி வந்து, கெட்டுப்போன முதல் ட்ரேயை நான் சுரண்டிக்கொண்டிருந்த இடத்தில் உட்கார்ந்தாள்.

"அந்த இனிப்பு ஒட்டல" என்றாள். "கறி நல்லா இருந்துச்சு."

"ம்."

"ஏட்டி, இந்த ட்ரேல நம்ம மாவ ஊத்தி, மேல கறியத் தூவிக் குடுத்தா அந்த பாய் சுட்டுத் தருவாரா? மாவுன்னா வெளியதான வைக்கணும். யாரும் எடுத்து மாத்த மாட்டாக."

நான் சுரண்டுவதை நிறுத்தினேன். கல்யாணம் முடிந்ததும் மாமாவின் மகளும் மாப்பிள்ளையும் விருந்துக்கு இங்கே வருவார்கள். அப்போதும் பெரியம்மா வீட்டு ஆட்கள் மொத்தமாக வந்து இறங்குவார்கள். அதற்கு முன்னால் ஒரு தடவை செய்து பார்த்துவிட வேண்டும்.

பாயிடம் கேட்டாகிவிட்டது. அடுத்த ஞாயிறு ஏழு மணி, சின்ன ட்ரே, அடுப்பு சூடாக இருக்கும்போதே. சனிக்கிழமை சாயங்காலம் அம்மா மாவு அரைப்பாள். ஃபிரிட்ஜுக்கு மேலே, ஈரத்துணி போட்டு வைப்போம். கரி பிடித்த ட்ரேயில் புளித்த மாவு ஒட்டிக்கொள்ளுமா, அடியில் வாழையிலை போட வேண்டுமா, நல்லெண்ணெய் மட்டும் போதுமா என்பதுதான் தெரியவில்லை. பாதிக்கு இலை, பாதிக்கு எண்ணெய் என்று சுட்டுப் பார்க்கப் போகிறோம்.