முடி பரப்பிய பொட்டல்

என் வீட்டுக்காரர் சலூன் வைத்திருக்கிறார். முடியைக் கூட்டியதைவிட, பின்னாலிருந்த பொட்டலிலிருந்து பறந்து வந்த மணலைக் கூட்டித்தான் என் இடுப்பு ஒடிந்தது. ஒருநாள் அங்கே கொட்டியிருந்த முடிக் குவியலை இவர் கிளறினார். அடியில் மண் ஈரமாக இருந்தது, புல்லும் முளைத்திருந்தது. அவ்வளவுதான். குழி வெட்டி, கன்று நட்டு, சுற்றிலும் முடியைப் பரப்புவதே இவருக்கு வேலையாகிவிட்டது.

"பைத்தியமா பிடிச்சிருக்கு?" என்று கத்தினேன்.

எட்டு வருஷமாயிற்று. இப்போது கடைக்குள் மணல் வருவதில்லை. வாடிக்கையாளர்கள்தான் வந்து, "என் முடி போட்ட மரம் எது?" என்று உயிரை வாங்குகிறார்கள்.

என் வழுக்கைத் தலை அண்ணன் மட்டும் மூஞ்சியைத் தூக்கி வைத்துக்கொண்டான். "எனக்குன்னு ஒரு மரம்கூட இல்லையே, மாப்பிள்ளை!"

"வெயில் நேரா உங்க உச்சியிலதானே இறங்குது, மச்சான்? நிழல் பூரா உங்களுக்குத்தான்" என்றார் இவர்.