தெருப்பூனைக்கு நகம் வெட்டுகிறவள்

தெருப்பூனைக்கு நகம் வெட்டுகிற வேலையில் முதலில் கற்றுக்கொள்ள வேண்டியது, எப்போது வெட்டக் கூடாது என்பதைத்தான். கொச்சி மட்டாஞ்சேரியில் ஷைனி டாக்டரின் மிருக ஆஸ்பத்திரியில் ஆறு வருஷமாக உதவியாளராக இருக்கிறேன். பூனையிடம் பிறாண்டல் வாங்கியவர்களுக்கு என் கை எப்படி இருக்கும் என்று சொல்லத் தேவையில்லை.

முதல் கடி

சேர்ந்த புதிதில் எனக்குக் கொஞ்சம் மிதப்பு. மேஜைமேல் இருந்த சாம்பல் பூனையைத் துண்டில் சுற்றாமல், கையுறையும் போடாமல், 'சும்மா ஒரு நகம்தானே' என்று பாதத்தைப் பிடித்தேன். கட்டைவிரலில் பல் இறங்கிவிட்டது. டாக்டர் என்னைக் குழாயடிக்கு இழுத்துப் போய், கடிகாரத்தைப் பார்த்துக் கால் மணி நேரம் சோப்புப் போட்டுக் கழுவ வைத்தார். அப்புறம் வெறிநாய்க்கடிக்குப் போடுகிற அதே ஊசி, ஒன்றல்ல, வரிசையாக. வேலையை விட்டுவிடலாமா என்று யோசித்தேன். மறுநாள் காலையில் எல்லாருக்கும் முன்னால் வந்து நின்றேன். டாக்டர் என்னிடம் தடித்த துண்டு ஒன்றை நீட்டினார்.

"செல்வி, பூனை மேலே தப்பில்லை. அது பயந்துது, நீ பயப்படலை."

சோபா

மேரி சேச்சி வாசலில் பத்துப் பூனைகளுக்குச் சோறு போடுகிறவர். ஒருநாள் கூடையில் ஒன்றைத் தூக்கி வந்து, "எல்லா நகத்தையும் ஒட்ட வெட்டு. ஜன்னல் வழியா வந்து சோபாவைக் கிழிக்கிறா" என்றார். நகம் அளவாகத்தான் இருந்தது. ராத்திரி பகல் தெருவிலே இருக்கிற பூனை. நாய் துரத்தினால் மதில் ஏற அந்த நகம்தான் வேண்டும். முடியாது என்றேன். சேச்சி கெஞ்சினார், கோபப்பட்டார், டாக்டரைக் கூப்பிட்டார். டாக்டரும் அதையே சொன்னார். கூடையை எடுத்துக்கொண்டு படியிறங்கியவர் திரும்பி நின்றார்.

"அப்ப ஜன்னலைச் சாத்தணும், அவ்வளவுதானே? அதை முதல்லயே சொல்லக்கூடாதா, மோளே!"

சுக்குக் கிடங்கு

சுக்குக் கிடங்கின் காவல்காரர் பரீது இக்கா நேரில் வந்து சொன்னார்: கிடங்கில் ஒரு கிழட்டுக் கடுவன் பூனை, மூன்று வாரமாக முன்காலை ஊன்றாமல் நொண்டுகிறது, யாரையும் கிட்டே விடாது. போய்ப் பார்த்தேன். வயசானதில் நகம் தேயாமல் வளர்ந்து, வளைந்து, உள்ளங்காலுக்குள்ளேயே குத்தி இறங்கியிருந்தது. தூரத்திலிருந்தே சீழ் நாறியது.

கூண்டில் அயிலை மீன் வைத்தோம். மூன்று நாள் எட்டிக்கூடப் பார்க்கவில்லை. "விட்டுடு மோளே, அவனோட விதி" என்றார் இக்கா. நான் விடவில்லை. அந்தத் தெருவில் வீடு வீடாகப் போய், யாரும் ஒருநாள் அவனுக்கு எதுவும் போடாதீர்கள் என்று கேட்டுக்கொண்டேன். இக்காவிடமும்தான், அவர் மட்டும் தன் சோற்றுப் பாத்திரத்தைப் பார்த்துத் தலையைக் குனிந்துகொண்டார். நான்காம் நாள் மத்தியானம் கூண்டுக் கதவு விழுந்தது. துணியால் மூடியதும் சீறல் அடங்கியது.

தின்ற மீன் செரிக்கும் வரை காத்திருந்து, டாக்டர் கம்பி வழியாகவே மயக்க ஊசி போட்டார். அவன் துவண்ட பிறகுதான் தொட்டேன். குத்திய நகத்தை வெட்டி இழுத்தேன். டாக்டர் புண்ணைச் சுத்தம் செய்தார். மற்ற முன்கால் நகங்களில், உள்ளே தெரிகிற ரத்தச் சிவப்பைத் தொடாமல், நுனி மட்டும். பின்கால் பக்கம் போகவே இல்லை.

ஐந்து நாள் மருந்துக்குப் பின் கிடங்கில் கூண்டைத் திறந்தேன். நான்கு காலையும் ஊன்றி ஒரே ஓட்டம். மூட்டைகளுக்குப் பின்னால் மறைந்தான். இக்கா தன் சோற்றுப் பாத்திரத்தை மூடி வைத்தார்.

"இனி என் சோத்துலே பங்குக்கு வரமாட்டான், இல்லையா மோளே?"

வைத்தியம் பார்த்தவளைத் திரும்பிக்கூடப் பார்க்காமல் ஓடினால்தான் வேலை சுத்தம் என்று சந்தோஷப்படுகிற தொழில், எனக்குத் தெரிந்து இது ஒன்றுதான்.